டேவிட் சூஷே: மீசை வைப்பதற்கு முன்னும் எடுத்த பின்னும் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

அகதா கிறிஸ்டி வாசகர்கள் நாலு பேர் சேர்ந்தால் பேச்சு எப்படியும் டேவிட் சூஷேயிடம் வந்து நிற்கும். "அந்த முட்டைத் தலை, மீசை, குட்டி நடை... அவர்தானே?" என்பார்கள். அவரேதான்: கிறிஸ்டி படைத்த பெல்ஜியத் துப்பறிவாளராகத் தொலைக்காட்சியில் நடித்த பிரிட்டிஷ் நடிகர். ஆனால் அந்த மீசைக்குப் பின்னால் அரை நூற்றாண்டு நடிப்பு இருக்கிறது. நண்பர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே ஒரே இடத்தில் பதில் எழுதி வைக்கிறேன்.

முதலில், பெயரை எப்படிச் சொல்வது?

சூஷே. எழுத்தைப் பார்த்து 'சுசெட்' என்று படிப்பவர்கள் உண்டு, அது தவறு. அவர் நடித்த துப்பறிவாளர் பெயரிலும் இதே தொல்லைதான். பாய்ரட், பாய்ரோ, புவாரோ என்று தமிழில் மூன்று விதமாகவும் பார்த்திருக்கிறேன். பிரெஞ்சு உச்சரிப்புக்குப் பக்கத்தில் இருப்பது புவாரோ. இங்கே அதையே வைத்துக்கொள்கிறேன்.

ஆள் உண்மையிலேயே பெல்ஜியத்துக்காரரா?

இல்லை. 1946 மே 2 அன்று லண்டனில் பிறந்தவர். ஆனால் பரம்பரை பரம்பரையாக இங்கிலாந்துக் குடும்பம் என்றும் சொல்ல முடியாது. அப்பா ஜாக் சூஷே தென்னாப்பிரிக்காவில் பிறந்தவர், அவருடைய முன்னோர் ரஷ்யப் பேரரசின் பகுதியிலிருந்து கிளம்பிய யூதர்கள். லண்டனில் மகப்பேறு மருத்துவராக இருந்தார், பெனிசிலின் கண்டுபிடித்த அலெக்சாண்டர் ஃப்ளெமிங்குடன் வேலை செய்தவர். அம்மா மேடை நடிகை. அம்மாவின் அப்பா ஜேம்ஸ் ஜார்ஷே அந்தக் காலத்து லண்டன் பத்திரிகைகளில் பெயர்பெற்ற புகைப்படக்காரர். கேமரா பிடிக்கும் பழக்கம் பேரனுக்கும் வந்தது. 2019இல் தான் எடுத்த படங்களோடு சேர்த்துத் தன் வாழ்க்கையை ஒரு புத்தகமாகவே போட்டார்.

இந்தக் குடும்பக் கதையை வம்புக்காகச் சொல்லவில்லை. ஊரில் இருந்தும் ஊர்க்காரராக ஆகாத மனிதர்களை நடிப்பதுதான் சூஷேயின் வாழ்நாள் வேலையாக இருந்தது. கீழே வரும் பாத்திரங்களைப் பாருங்கள், பாதிப் பேர் அப்படித்தான் இருப்பார்கள்.

செய்தி வாசிப்பாளர் ஜான் சூஷே இவருக்கு உறவா?

கூடப்பிறந்த அண்ணன். ஐடிஎன் என்ற பிரிட்டிஷ் தொலைக்காட்சிச் செய்தி நிறுவனத்தில் பல ஆண்டுகள் இருந்தவர், பீத்தோவனைப் பற்றிப் புத்தகங்களும் எழுதியிருக்கிறார். தம்பிக்குப் புவாரோ வாய்ப்பு வந்தபோது "அந்தப் பக்கமே போகாதே" என்ற ரீதியில் அறிவுரை சொன்னதும் இவர்தான். நல்லவேளை, தம்பி கேட்கவில்லை.

நடிப்பை எங்கே கற்றார்?

தேசிய இளைஞர் நாடகக் குழுவில் தொடங்கி, பிறகு லண்டனின் லாம்டா நடிப்புப் பள்ளியில். 1969இல் செஸ்டர் நகர நாடக அரங்கில் தொழில்முறை நடிகரானார். அடுத்த சில ஆண்டுகள் ஊர் ஊராகச் சின்ன அரங்குகளில் கழிந்தன. வாரக்கணக்கில் ஒரு நாடகம், அது முடிவதற்குள் அடுத்ததற்கு ஒத்திகை. அந்தத் தலைமுறை பிரிட்டிஷ் நடிகர்கள் பலர் இப்படித்தான் உருவானார்கள். 1976இல் நடிகை ஷீலா ஃபெரிஸைத் திருமணம் செய்துகொண்டார். முதல் சில ஆண்டுகள் இருவருக்கும் வீடு என்பது கால்வாயில் ஓடும் ஒரு குறுகலான படகுதான்.

ஷேக்ஸ்பியர் நாடகங்களில் நடித்திருக்கிறாரா?

நடித்திருக்கிறாரா என்று கேட்பதே குறைவு. 1973இல் ராயல் ஷேக்ஸ்பியர் நாடகக் குழுவில் சேர்ந்தவர் பதிமூன்று ஆண்டுகளுக்கு மேல் அங்கே வந்தும் போயும் இருந்தார். 'டெம்பெஸ்ட்' நாடகத்தில் காலிபன், 1981இல் 'வெனிஸ் வணிகன்' நாடகத்தில் வட்டிக்கு விடும் யூதன் ஷைலக், எண்பதுகளின் நடுவில் பென் கிங்ஸ்லி ஒத்தெல்லோவாக நடித்தபோது வில்லன் இயாகோ.

ஷைலக் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும். ஜான் பார்ட்டன் என்ற இயக்குநர் ஒரே குழுவில் இரண்டு முறை அந்த நாடகத்தை மேடையேற்றினார். முதல் ஷைலக் பேட்ரிக் ஸ்டூவர்ட், பிந்தியவர் சூஷே. பிறகு பார்ட்டன் தொலைக்காட்சிக்காக ஷேக்ஸ்பியரை நடிப்பது எப்படி என்று ஒரு தொடர் செய்தார், 1984இல் வெளியானது. அதில் ஒரு பகுதியில் இரண்டு ஷைலக்குகளும் எதிரெதிரே அமர்ந்து, அதே வசனங்களை ஆளுக்கொரு விதமாகச் சொல்லிக் காட்டுகிறார்கள். ஸ்டூவர்ட்டுக்கு அவன் முதலில் பணத்தாசை பிடித்தவன், யூதன் என்பது அப்புறம். சூஷேக்கு அப்படியே தலைகீழ்: அவன் யூதன் என்பதால்தான் வெளியே நிறுத்தப்பட்டான், மற்றதெல்லாம் அதிலிருந்து வந்தது. நடிப்பில் ஆர்வம் உள்ளவர்கள் இதைத் தேடிப் பார்க்கலாம். ஒரே வரிக்குள் இரண்டு மனிதர்கள் இருக்க முடியும் என்பது கண்ணெதிரே தெரியும்.

புவாரோவுக்கு முன் தொலைக்காட்சியில் என்ன செய்தார்?

1984இல் பிபிசி தொடர் ஒன்றில் சிக்மண்ட் ஃப்ராய்டாக நடித்தார். அடுத்த ஆண்டு டாம் ஷார்ப் நாவலைத் தழுவிய 'பிளாட் ஆன் த லேண்ட்ஸ்கேப்' தொடரில் பிளாட் என்ற தோட்டக்காரன். எந்த நாட்டுக்காரன் என்று அவனுக்கே தெளிவில்லாத ஒரு முன்னாள் போர்க்கைதி, தன் எஜமானியின் வீட்டை நெடுஞ்சாலைக்காக இடிக்க வருபவர்களை எதிர்த்து நிற்கிறான். நல்ல நகைச்சுவை. அதைத் தயாரித்தவர் பிரையன் ஈஸ்ட்மன். இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், அடுத்த பதிலுக்கு வேண்டும்.

புவாரோ வாய்ப்பு எப்படி வந்தது?

ஈஸ்ட்மன் வழியாகத்தான். ஐடிவி என்ற பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்காகப் புவாரோ சிறுகதைகளைத் தொடராக எடுக்கத் திட்டமிட்டபோது, பிளாட் வேடத்தில் பார்த்த ஆள் அவர் மனதில் இருந்தார். சூஷே அதுவரை அந்தப் புத்தகங்களைப் படித்ததே இல்லை. படிக்க ஆரம்பித்ததும் ஒன்று உறைத்தது: புத்தகத்தில் இருக்கும் புவாரோவை யாருமே இன்னும் திரையில் காட்டவில்லை. ஆல்பர்ட் ஃபின்னி 1974இல் பெரிதாகக் கத்தி நடித்திருந்தார். பீட்டர் உஸ்டினோவ் 1978இலிருந்து பருத்த, செல்லமான ஒரு மாமாவாக வந்துபோனார். இரண்டுமே ரசிக்கத் தக்கவைதான், ஆனால் கிறிஸ்டி எழுதிய ஆள் வேறு.

கிறிஸ்டியின் மகள் ரோசலிண்ட் ஹிக்ஸ், சூஷேயை ஒரு மதிய உணவுக்கு அழைத்துப் பேசினார். புவாரோவோடு சேர்ந்து சிரிக்கலாம், அவரைப் பார்த்துச் சிரிக்கும்படி ஆக்கிவிடக் கூடாது என்பதே அவர் சொன்னதின் சாரம். தொடர் முழுக்க அந்த ஒரு நிபந்தனை காப்பாற்றப்பட்டது என்றே நினைக்கிறேன்.

அதற்கு முன்பே ஒரு புவாரோ படத்தில் இருந்தாராமே?

ஆமாம், இது சுவையான சங்கதி. 1985இல் உஸ்டினோவ் புவாரோவாக நடித்த 'தர்ட்டீன் அட் டின்னர்' தொலைக்காட்சிப் படத்தில் சூஷே போலீஸ் அதிகாரி ஜாப். தன் மோசமான நடிப்புகளில் ஒன்று என்று பின்னால் அவரே சொல்லிக்கொண்டார். அந்தப் படப்பிடிப்பில் உஸ்டினோவே "நீ புவாரோவாக நடித்தால் நன்றாக இருக்கும்" என்றாராம். பதினைந்து ஆண்டு கழித்து, 2000இல், அதே கதை 'லார்ட் எட்ஜ்வேர் டைஸ்' என்ற அதன் சொந்தத் தலைப்பில் எடுக்கப்பட்டபோது சூஷே ஜாப் இல்லை, புவாரோ.

அந்த நடையும் குரலும் எப்படி வந்தன?

நடையைப் பற்றி அவர் சொல்லும் கதை பிரபலம். புவாரோ வேகமாக, சின்னச் சின்ன அடிகளாக நடப்பார் என்று கிறிஸ்டி எழுதியிருந்தார். வீட்டில் எப்படி நடந்து பார்த்தும் சரிவரவில்லை. அப்போது பழம்பெரும் நடிகர் லாரன்ஸ் ஒலிவியே ஒரு பாத்திரத்துக்காகக் கையாண்ட உத்தி நினைவுக்கு வந்தது. பின்புறத்தில் ஒரு காசை இடுக்கிக்கொண்டு, அது விழாமல் நடக்க வேண்டும்! இவரும் தோட்டத்தில் அப்படி நடந்து பழகினார். காசு விழாமல் நடக்க வேண்டுமென்றால் வேறு வழியே இல்லை, அந்தக் குட்டி நடைதான் வரும்.

குரல் இன்னும் கடினம். சூஷேயின் சொந்தக் குரல் ஆழமானது, நெஞ்சிலிருந்து வருவது. மூளையாலேயே வாழும் மனிதருக்கு அது பொருந்தாது என்று குரலைத் தலைக்கு ஏற்றினார். பெல்ஜிய வானொலியையும் பிரெஞ்சு வானொலியையும் பதிவுசெய்து கேட்டு, பெல்ஜியரின் பிரெஞ்சு எங்கே வேறுபடுகிறது என்று தேடினார். பார்க்கிறவர்கள் பிரெஞ்சுக்காரர் என்று நினைக்க வேண்டும், அவர் உடனே "இல்லை, பெல்ஜியன்" என்று திருத்த வேண்டும். அந்த நூலிழை வித்தியாசத்துக்கு இவ்வளவு பாடு.

இதோடு ஒரு பட்டியல். கதைகளைப் படிக்கப் படிக்க, புவாரோவின் குணங்களை ஒன்று இரண்டு என்று எண் போட்டு எழுதினார். 93 குறிப்புகள் சேர்ந்தன. காப்பியிலோ தேநீரிலோ நாலு சர்க்கரைக் கட்டி, சில நேரம் மூன்று, எப்போதாவது ஐந்து என்ற அளவுக்கு நுணுக்கம். படப்பிடிப்புக்குப் போகும்போது அது கூடவே இருந்தது. உடம்பு தடிப்பாகத் தெரிய மெத்தை வைத்துத் தைத்த உள்ளுடை வேறு. ஒருமுறை மீசை ஏறிவிட்டால் அன்று முழுக்க, கேமரா ஓடாத நேரத்திலும், புவாரோ குரலிலேயே பேசுவார்.

படப்பிடிப்பில் சண்டை போட்டார் என்பது உண்மையா?

உண்மைதான், கைக்குட்டைக்காக. ஆரம்ப நாட்களில் ஒரு காட்சியில் புவாரோ பூங்கா பெஞ்சில் உட்கார வேண்டும். சூஷே முதலில் கைக்குட்டையை எடுத்து விரித்து, அதன்மேல்தான் உட்காருவேன் என்றார். பார்க்கக் கேலியாக இருக்கும் என்று இயக்குநர் மறுத்தார். இவர் விடவில்லை. கடைசியில் ஈஸ்ட்மன் வந்து சூஷே பக்கம் தீர்ப்புச் சொன்னார்.

ஒரு கைக்குட்டைக்கு இவ்வளவா என்று தோன்றலாம். ஆனால் நடிகருடைய வேலை எழுத்தாளருக்கு உழைப்பதே என்பது சூஷேயின் தீர்மானம். கிறிஸ்டியின் ஆள் தூசியில் உட்கார மாட்டார். அன்றைக்கு விட்டுக்கொடுத்திருந்தால் அடுத்து மீசை, அதற்கடுத்து நடை என்று போயிருக்கும், கடைசியில் இன்னொரு திரைப்படப் புவாரோதான் மிஞ்சியிருப்பார்.

மொத்தம் எத்தனை கதைகள்? எல்லாவற்றையும் எடுத்துவிட்டார்களா?

1989 ஜனவரி 8 முதல் 2013 நவம்பர் 13 வரை, 13 பருவங்களில் 70 படங்கள். நாவல்கள் எல்லாம் வந்துவிட்டன, சிறுகதைகளும் கிட்டத்தட்ட முழுவதும். 'ஹெர்குலிஸின் வேலைகள்' என்ற பன்னிரண்டு கதைத் தொகுப்பை மட்டும் உருக்கி ஒரே படமாக வார்த்துவிட்டார்கள், அது எனக்குக் குறைதான். தொடங்கும்போது அவருக்கு வயது 42, முடிக்கும்போது 67.

இருபத்தைந்து வருஷமும் இதே வேலையாக இருந்தாரா?

அப்படி நினைத்துத்தான் பலர் ஏமாறுகிறார்கள். ஒவ்வொரு பருவம் முடியும்போதும் அடுத்தது வருமா வராதா என்று தெரியாத நிலை. தொண்ணூறுகளின் பிற்பாதியில் சில ஆண்டுகள் தொடரே நின்றுபோனது. நாடகம்தான் கைகொடுத்தது. 1993இல் டேவிட் மாமெட்டின் 'ஒலியானா' (இயக்கம் ஹெரால்ட் பின்டர்), 1996இல் டயானா ரிக்குடன் 'வர்ஜீனியா உல்ஃபுக்கு யார் பயப்படுகிறார்கள்', 1998இலிருந்து பீட்டர் ஹால் இயக்கத்தில் 'அமதேயஸ்'. அதில் இவர் மொசார்ட்டைப் பார்த்துப் பொறாமைப்படும் இசையமைப்பாளர் சாலியேரி, மொசார்ட்டாக நடித்தவர் அப்போது இளைஞராக இருந்த மைக்கேல் ஷீன். நாடகம் நியூயார்க் பிராட்வேக்குப் போனது, 2000இல் சூஷேக்கு அமெரிக்க நாடக விருதான டோனிக்குப் பரிந்துரையும் வந்தது.

பின்னால் வந்த படங்கள் ஏன் இவ்வளவு இருட்டாக இருக்கின்றன?

கண் சரியாகத்தான் பார்த்திருக்கிறது. முதல் பருவங்கள் 50 நிமிடக் கதைகள். முப்பதுகளின் பளபளப்பு, கிறிஸ்டஃபர் கன்னிங்கின் சாக்ஸஃபோன் இசை, புவாரோ குடியிருக்கும் வைட்ஹேவன் மேன்ஷன்ஸ் என்று காட்டப்படும் அந்த வளைவான கட்டடம் (உண்மையில் அது லண்டன் சார்ட்டர்ஹவுஸ் சதுக்கத்து ஃப்ளோரின் கோர்ட்). ஹியூ ஃப்ரேசர் நடித்த நண்பர் ஹேஸ்டிங்ஸ், ஃபிலிப் ஜாக்சனின் ஜாப், பாலின் மோரன் நடித்த செயலாளர் மிஸ் லெமன் என்று ஒரு குடும்பமே உண்டு. கிறிஸ்டியின் பல கதைகளில் இந்த மூவரும் கிடையாது, தொடருக்காகச் சேர்த்தார்கள்.

2003இல் 'ஐந்து சிறு பன்றிகள்' படத்திலிருந்து தயாரிப்பாளர்கள் மாறினார்கள். குடும்பம் கலைந்தது, புவாரோ தனியரானார். 'ஐந்து சிறு பன்றிகள்' தொடரின் சிகரங்களில் ஒன்று என்பேன். ஆனால் 2010இல் வந்த 'ஓரியன்ட் எக்ஸ்பிரஸ் கொலை' சர்ச்சைக்குரியது. கதையின் முடிவில் புவாரோ எடுக்கும் முடிவு ஒரு கத்தோலிக்கரின் மனசாட்சியை என்ன செய்யும் என்று அதில் கேட்டார்கள். ஜெபமாலையைக் கையில் பிடித்துக்கொண்டு கொதிக்கும் அந்தப் புவாரோவைச் சிலருக்குப் பிடிக்கவே இல்லை. எனக்கு அந்தக் கோபம் பிடித்தது, படத்தின் மற்ற பகுதிகளைவிட அதிகமாகவே.

கடைசிப் படத்தை எப்படி எடுத்தார்கள்?

தலைகீழ் வரிசையில். புவாரோவின் இறுதிக் கதையான 'கர்ட்டன்' நாவலைக் கிறிஸ்டி இரண்டாம் உலகப்போர்க் காலத்திலேயே எழுதிப் பூட்டி வைத்திருந்தார், 1975இல்தான் வெளியிட்டார். அப்போது 'நியூயார்க் டைம்ஸ்' கற்பனைப் பாத்திரமான புவாரோவுக்கு முதல் பக்கத்தில் இரங்கல் செய்தியே போட்டது! படத்தில் அவர் மூட்டுவாதத்தில் முடங்கி, சக்கர நாற்காலியில் வருகிறார். உடம்பில் மெத்தை கிடையாது, சூஷே நிஜமாகவே எடையைக் குறைத்தார். கடைசிப் பருவத்தின் மற்ற படங்களுக்கு முன்னதாகவே இதை எடுத்து முடித்தார்கள். இறந்துபோவதோடு விடைபெற வேண்டாம் என்ற எண்ணம்.

கடைசியாகப் படமாக்கப்பட்டது 'டெட் மேன்ஸ் ஃபாலி'. இடம், டெவனில் கிறிஸ்டியின் சொந்த வீடான கிரீன்வே. அவர் உருவாக்கிய ஆள் அவருடைய வீட்டு வாசலிலேயே வந்து நின்று வேலையை முடித்துக்கொண்டார்.

திரைப்படங்களில் ஏன் அவ்வளவு பெயர் இல்லை?

ஹாலிவுட் இவரிடம் கேட்டதெல்லாம் ஒன்றுதான்: அந்நிய முகம். 'எக்ஸிக்யூட்டிவ் டிசிஷன்' (1996) படத்தில் விமானத்தைக் கடத்தும் தீவிரவாதி, 'எ பெர்ஃபெக்ட் மர்டர்' (1998) படத்தில் மைக்கேல் டக்ளஸைச் சந்தேகிக்கும் துப்பறியும் அதிகாரி. இரண்டாவதில் காட்சிகள் குறைவு என்றாலும் நிதானமாக, அழகாகச் செய்திருப்பார். 'எ வேர்ல்ட் அபார்ட்' (1988) தென்னாப்பிரிக்க நிறவெறி ஆட்சியைப் பற்றிய படம், அதில் விசாரணை அதிகாரி. அப்பா பிறந்த நாட்டின் கொடுமைக்கார முகத்தை மகன் போட்டுக்கொண்டார்.

புவாரோ அல்லாமல் ஒன்றே ஒன்று பார்க்கச் சொன்னால்?

'த வே வி லிவ் நவ்', 2001இல் வந்த பிபிசி தொடர், ஆந்தனி ட்ரோலப் நாவல். எங்கிருந்தோ வந்து லண்டனையே விலைக்கு வாங்கப் பார்க்கும் மெல்மாட் என்ற பணமுதலை. பிரபுக்கள் அவன் வீட்டில் தின்றுவிட்டு முதுகுக்குப் பின்னால் ஏளனம் செய்கிறார்கள். சூஷே அவனைக் கரடி மாதிரி நடமாட விடுகிறார், புவாரோவின் சுத்தபத்தமெல்லாம் போய் வெறும் பசி மட்டும் இருக்கிறது. பிரிட்டிஷ் திரை விருதான பாஃப்டாவின் பரிந்துரைப் பட்டியலில் இடம் கிடைத்தது.

இரண்டாவது ஒன்றுக்கும் இடம் உண்டு என்றால் 'மேக்ஸ்வெல்' (2007). செக்கோஸ்லோவாக்கியாவில் ஏழை யூதக் குடும்பத்தில் பிறந்து, பிரிட்டனில் எம்பியும் பத்திரிகை முதலாளியுமாகி, 1991இல் கடலில் பிணமாக மிதந்த ராபர்ட் மேக்ஸ்வெல்லின் கடைசிக் காலம். ஊழியர்களின் ஓய்வூதியப் பணத்தில் கை வைத்தது அவர் இறந்த பிறகுதான் வெளியே வந்தது. இதற்காகச் சூஷேக்குச் சர்வதேச எம்மி விருது கிடைத்தது.

பைபிள் முழுவதையும் வாசித்தாராமே?

ஆமாம், ஆதியாகமம் முதல் வெளிப்படுத்தல் வரை, ஒற்றை ஆளாக. ஒலிநூல் 2014இல் வந்தது, கேட்க 80 மணி நேரத்துக்கு மேல் ஆகும். 1986இல் அமெரிக்காவில் படப்பிடிப்புக்காகத் தங்கியிருந்த ஓட்டல் அறையில் பைபிளை எடுத்து, பவுல் ரோமருக்கு எழுதிய கடிதத்தைப் படித்ததுதான் தன்னைக் கிறிஸ்தவ நம்பிக்கைக்குக் கொண்டுவந்தது என்கிறார். பவுலைப் பற்றியும் பேதுருவைப் பற்றியும் பிபிசிக்கு ஆவணப்படங்கள் செய்திருக்கிறார்.

'சர்' பட்டம் எப்போது?

2020இல். அதற்கு முன் 2002இல் ஓபிஇ, 2011இல் அதைவிட உயர்ந்த சிபிஇ என்று இரண்டு பிரிட்டிஷ் அரசு கௌரவங்கள்.

புவாரோ முடிந்த பிறகு ஓய்வா?

ஓய்வா? 2015இல் ஆஸ்கர் வைல்ட் நாடகத்தில் லேடி பிராக்னெல் என்ற சீமாட்டியாகப் பாவாடை கட்டிக்கொண்டு வந்து நின்றார். 2017இல் 'டாக்டர் ஹூ'வில் ஒரு விபரீதமான வீட்டுச் சொந்தக்காரர். அப்புறம் ஆர்தர் மில்லரின் 'த பிரைஸ்' நாடகத்தில் தொண்ணூறு வயதைத் தொடும் யூத வியாபாரி சாலமன். பழைய மரச்சாமான்களுக்கு விலை பேச வந்துவிட்டு, பையிலிருந்து அவித்த முட்டையை எடுத்து உரித்துச் சாப்பிடும் கிழவர். முட்டையைப் பார்த்ததும் சிரித்துவிட்டேன். புவாரோவானால் இரண்டு முட்டை வேண்டும், இரண்டும் ஒரே அளவில் இருக்க வேண்டும்!

புதிதாகப் பார்ப்பவர் எங்கே தொடங்கலாம்?

1989இன் முதல் படம், 'கிளாப்பம் சமையல்காரி'. காணாமல் போன ஒரு சமையல்காரியைத் தேடித் தர வேண்டும் என்று ஓர் அம்மாள் வருகிறார். பெரிய வழக்குகளைத் தவிர வேறெதையும் தொடாத புவாரோ மறுக்கிறார், அந்த அம்மாள் அவரை நன்றாக வாங்கு வாங்கென்று வாங்குகிறார். அந்த இடத்தில் சூஷேயின் முகத்தை மட்டும் கவனியுங்கள். அவமானம், வியப்பு, பிறகு மெல்ல ஒரு மரியாதை.